சுருளின் கடைசி வரி

எங்கள் ஊர் ஹெல்கோம்பில் வில்மோட் கட்மோரைப் பற்றிக் கேட்டால் இரண்டே பேச்சுதான் வரும். "ஊர்ச் சுருளை எரிச்சவ" என்பார்கள். இல்லையென்றால், "துப்பட்டி போர்த்திக்கிட்டு நின்னவ" என்பார்கள். இரண்டும் பொய்யில்லை. ஆனால் அறுபது சொச்சம் வருஷம் வாழ்ந்த ஒருத்தியை இப்படி இரண்டு வார்த்தையில் துடைத்துப் போட்டுவிட்டு பார்லிக் கள் குடிக்கப் போகிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். முழுக்கக் கேட்டுவிட்டுப் பேசுங்களேன், யார் வேண்டாம் என்றது?

கூரை வேய்கிற வால்டருக்கு வாழ்க்கைப்பட்டு மேட்டுத் தெருவுக்கு வந்தவள் அவள். பையன் டிகொரிக்கு நாலு வயசாகும்போது வால்டர் காய்ச்சலில் போய்விட்டான். அவள் கைக்கு மிஞ்சியது வைக்கோலில் பின்னிய ஐந்து தேனீக் கூடைகளும், கோயில் துணி வெளுக்கிற வேலையும். பீடத்து விரிப்பு, சாமியாரின் வெள்ளை அங்கி எல்லாம் அவள் கையால்தான் வெளுக்கும். வாய் மட்டும் சுத்தமாக வேறு தினுசு. "தேனீ கொட்டினா வீங்கும், வில்மோட் கொட்டினா சீழ் பிடிக்கும்" என்று ஊரில் ஒரு சொலவடையே உண்டு. அந்த வாய் குழைவது பையனிடம் மட்டும்தான். அவனும் அம்மாவைக் கேலி பண்ணியே வளர்ந்தான்.

"உனக்குப் பொண்ணு பார்க்கணும்டா" என்பாள்.

"முதல்ல உன் தேனீ சம்மதிக்கணும்மா. வர்றவளை வாசல்லயே கொட்டிப் போட்டுடும்" என்பான்.

பதினெட்டாவது வயசில் ஒரு சனிக்கிழமை காலை, மாவு ஆலை மதகுக்குக் கீழே விலாங்குக் கூடை போட இறங்கினான். ஆலைக்காரன் ஜாஸ்பர் ட்ராட் மதகைத் திறந்தான். பையன் கத்தியது காதில் விழவில்லை, சக்கரச் சத்தம் என்று ஜாஸ்பர் சத்தியம் பண்ணினான். பாலத்துக்கு அடியில் கிடந்த பிள்ளையை நாலு பேர் தூக்கிவந்து வாசலில் கிடத்தினார்கள். ஜாஸ்பரின் மனைவி இபெட் அழுதுகொண்டே வந்தாள். "உன் புருஷன் காது அவிஞ்சு போகட்டும். உன் முகத்தில இனி முழிக்க மாட்டேன்" என்றாள் வில்மோட். சொன்னபடியே அன்றிலிருந்து இபெட்டோடு பேச்சை அறுத்தாள். மாவரைக்க இரண்டு மைல் தள்ளி வேறு ஆலைக்குப் போனாள்.

பிள்ளை செத்தது ஒரு துக்கம். அவன் செத்த விதம் அதைவிடப் பெரிய துக்கம். பாவத்தைச் சொல்லி மன்னிப்பு வாங்கும் பாவசங்கீர்த்தனம் இல்லை, எண்ணெய் பூசவில்லை, குருவானவர் பக்கத்தில் இல்லை. அப்படிப் போகிறவன் நேரே மோட்சத்துக்கா போவான்? பாவக் கறை தீரும்வரை வேக வேண்டிய உத்தரிக்கிற ஸ்தலத்து நெருப்பில் எத்தனை காலம் கிடப்பானோ. அதை நினைத்தால் அவளுக்குச் சோறு இறங்காது.

அதற்கு எங்கள் கோயிலில் ஒரு வழி இருந்தது. ஆட்டுத் தோலில் எழுதிய ஒரு நீளச் சுருள். கோயிலுக்கு ஏதாவது கொடுத்த குடும்பங்களின் இறந்தவர்கள் பெயரெல்லாம் அதில் வரிசையாக இருக்கும். நூறு வருஷம், நூற்றைம்பது வருஷத்துப் பெயர்கள். கல்லறைத் திருநாள் கழிந்த ஞாயிற்றுக்கிழமை சாமியார் அதைப் பிரித்து ஒவ்வொரு பெயராக வாசிப்பார். ஒவ்வொரு பெயருக்கும் ஊரே முழங்காலில் நின்று ஜெபம் சொல்லும். அந்த ஜெபத்தில் அவர்கள் நெருப்பில் கிடக்கும் காலம் குறையும். பூசை முழுக்க இலத்தீன், எங்களுக்கு ஒரு எழுத்து புரியாது. மணி அடித்தால் கும்பிடுவோம், அவ்வளவுதான். அந்தச் சுருளை மட்டும் நம் பாஷையில் வாசிப்பார்கள். வருஷத்தில் அந்த ஒரு நாள் பெஞ்சில் ஒருத்தர் தூங்க மாட்டார்.

வில்மோட்டிடம் கொடுக்க என்ன இருந்தது? மெழுகு இருந்தது. இலையுதிர் காலத்தில் கூடைகளைப் புகை போட்டு இறக்கினால் வருகிற மெழுகை விற்றுத்தான் குளிர்காலம் ஓட்டுவாள். ஏழு வருஷ மெழுகைச் சிலுவை முன்னால் எரிகிற மெழுகுதிரிக்குக் கொடுத்தால் டிகொரி பெயரை ஏற்றலாம் என்று கோயில் மணியக்காரன் பால்ட்வின் சொன்னான். ஏழு வருஷமும் கொடுத்தாள். ஏழு குளிர்காலம் பார்லிக் கஞ்சியும் பட்டாணியுமாகக் கழிந்தது. இளைத்துத் துரும்பானாள்.

ஏழாவது வருஷம் எங்கள் சாமியார் ஆஸ்மண்ட் சாமி அவள் கண் எதிரிலேயே இறகை மையில் தொட்டு எழுதினார்.

"பாரும்மா. கடைசி வரி. இதுதான் உன் டிகொரி."

"இதுவா சாமி? இத்துனூண்டு இருக்கான்?" விரலை நீட்டினாள்.

"தொடாதேம்மா, மை காயல!"

அவளுக்குப் படிக்கத் தெரியாது. கடைசி வரி என்பதை மட்டும் மனசில் முடிந்து வைத்துக்கொண்டாள்.

அந்த வருஷம் கோயிலில் "டிகொரி கட்மோர், அவன் அம்மா வில்மோட்" என்று சாமியார் வாசித்தபோது ஊரே தலை குனிந்தது. பால்ட்வின் குனிந்தான், கடைசி வரிசையில் ஜாஸ்பரும் குனிந்தான். வில்மோட் அன்றைக்கு வீட்டுக்குப் போய்ப் பன்றிக்கறி வறுத்து வயிறாரச் சாப்பிட்டாள். அடுத்த வருஷமும் வாசித்தார்கள். மொத்தம் இரண்டு தடவை. ஏழு வருஷப் பட்டினிக்கு இரண்டு தடவை.

அதற்கடுத்த வசந்தத்தில் ஆலைக்காரன் ஜாஸ்பர் படுத்த படுக்கையாகிச் செத்தான். இபெட் ஒரு கிடாரிக் கன்றைக் கோயிலுக்கு ஓட்டிவந்து விட்டாள். எதற்கு என்று யாரிடமும் சொல்லவில்லை. வில்மோட் கேட்கவும் இல்லை. அவள்தான் அந்தப் பக்கமே பார்ப்பதில்லையே.

அதே வருஷம் லண்டனில் பழைய ராஜா போய் ஒன்பது வயசுப் பையன் சிங்காசனத்தில் உட்கார்ந்திருந்தான். அவனைச் சுற்றி இருந்த பெரிய மனுஷர்களிடமிருந்து உத்தரவு மேல் உத்தரவு. சிலுவை முன்னால் திரி கூடாது. சுரூபம், சிலை கூடாது. இறந்தவர்கள் பெயரை வாசிக்கக் கூடாது. உத்தரிக்கிற ஸ்தலம் என்று ஒன்று கிடையவே கிடையாதாம், அத்தனையும் கட்டுக்கதையாம். சுருள் பெட்டிக்குள் போனது.

இரண்டு வருஷம் கழித்து, 1549 பெந்தெகொஸ்தே ஞாயிறன்று, புது ஜெபப்புத்தகம் வந்தது. பூசையிலிருந்து புதைக்கிறது வரை எல்லாம் நம் பாஷையில். ஆஸ்மண்ட் சாமி கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு தடுமாறித் தடுமாறி வாசித்தார். ஊர் முகம் சுளித்தது. "கூத்து கட்டறாப்ல இருக்கு" என்றான் பால்ட்வின் சத்தமாகவே. வில்மோட் மட்டும் ஒரு வார்த்தை விடாமல் கேட்டாள். ஐம்பது வருஷமாகப் புரியாமல் கும்பிட்டது முதல் தடவையாகப் புரிந்தது. அழகாகத்தான் இருந்தது என்று பிற்பாடு அவளே சொல்லியிருக்கிறாள். டிகொரி பெயர் இந்தா வரும், இந்தா வரும் என்று கடைசி வரை காத்திருந்தாள். வரவில்லை.

பூசை முடிந்ததும் துணி மூட்டையோடு சாமியார் உடை மாற்றுகிற அறைக்குள் போய் நின்றாள்.

"சாமி, எல்லாத்தையும் நம்ம பாஷைக்கு மாத்திட்டாங்க, சரி. முன்னாடியே நம்ம பாஷையில இருந்தது அந்தச் சுருள் ஒண்ணுதானே? அதை மட்டும் எதுக்கு எடுத்தாங்க?"

ஆஸ்மண்ட் சாமி அங்கியைக் கழற்றிக்கொண்டே, "இறந்தவங்களுக்கும் ஒரு வரி இருக்கேம்மா. பொதுவா எல்லாருக்கும்" என்றார்.

"பொதுவா எல்லாருக்கும்னா யாருக்குமில்லைன்னு அர்த்தம். தெருவில நின்னு 'எல்லாரும் சாப்பிட வாங்க'ன்னு கத்தினா ஒருத்தன் வருவானா? பேர் சொல்லிக் கூப்பிடணும் சாமி."

சாமியார் கழற்றிய அங்கியை அவள் மூட்டையில் போட்டார். மனுஷர் நல்லவர், ஆனால் காற்று எந்தப் பக்கம் அடிக்கிறதோ அந்தப் பக்கம் சாய்கிற நாணல். அப்படிச் சாய்ந்து சாய்ந்துதான் கடைசி வரை எங்கள் ஊரிலேயே இருந்தார்.

அந்தக் கோடையில் மேற்குச் சீமையே கிளம்பியது. பழைய பூசையைத் திருப்பிக் கொடு என்று ஆம்பிளைகள் கவைக்கோலும் அரிவாளுமாக எக்ஸிடர் பட்டணத்துக்குப் போனார்கள். எங்கள் ஊரில் போனவர்கள் பதினாறு பேர், திரும்பியவர்கள் ஐந்து. பின்னாலேயே ராஜாவின் படை வந்தது. பாதிப் பேர் அந்நிய தேசத்துக் கூலிக்காரர்கள், பேச்சும் புரியாது, கெஞ்சலும் புரியாது. பக்கத்து ஊர்க் கோயிலில் ஒரு சாமியாரை அவர் கோபுரத்திலேயே தூக்கில் தொங்கவிட்டார்கள் என்று செய்தி வந்ததும் ஆஸ்மண்ட் சாமி பெட்டியைத் திறந்தார். அழுக்குத் துணி மூட்டைக்குள் சுருளை வைத்து வில்மோட்டிடம் கொடுத்தார்.

"ஊர்ச் சொத்தும்மா இது. உன் வீட்டில யாரும் தேட மாட்டாங்க. பத்திரம்."

காலியாக இருந்த தேனீக் கூடை ஒன்றுக்குள் அவள் அதை ஒளித்தாள். நல்ல இடம் என்றுதான் நானும் நினைத்திருப்பேன். படை வருகிற வழியில் தேனுக்காக ஒவ்வொரு வீட்டிலும் கூடைகளைத்தான் முதலில் கவிழ்க்கிறது என்று அடுத்த தெருவிலிருந்து கத்தல் வந்தது. ஓடிப்போய்ச் சுருளை எடுத்தாள். புதைக்க நேரமில்லை. குதிரைச் சத்தம் கேட்கிறது. பெயர்ச் சுருள் கையில் இருந்தால் கயிறு நிச்சயம், அவளுக்கும் சாமியாருக்கும்.

அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. சுருளைத் தரையில் உருட்டி விட்டாள். அடி வரை, கடைசி வரி வரை பிரித்தாள். தேனடை அறுக்கிற கத்தியால் அந்த ஒரு வரியை மட்டும் அறுத்து ரவிக்கைக்குள் செருகினாள். மீதியை அடுப்பில் போட்டாள். ஊரின் பாட்டன், முப்பாட்டன் அத்தனை பேரும் ரோமம் கருகுகிற நாற்றத்தோடு எரிந்தார்கள். பிள்ளையைப் பெற்றவள் வேறு என்ன செய்வாள் என்று கேட்கிறவர்களும் உண்டு. ஊர் அப்படிக் கேட்கவில்லை.

உள்ளே வந்த சிப்பாய் மூக்கைப் பொத்திக்கொண்டு என்னவோ கேட்டான். "ஆட்டுத் தோல்" என்று கையால் காட்டினாள். தேனை வழித்துக்கொண்டு, ஐந்து கூடையையும் மிதித்துப் போட்டுவிட்டுப் போனார்கள். "சிப்பாய்ங்க எரிச்சுட்டாங்க சாமி" என்று ஆஸ்மண்ட் சாமியிடம் சொன்னாள். அந்த ஒரு பொய்தான் சொன்னாள்.

பிறகு சில வருஷங்களில் புத்தகத்தை மறுபடி திருத்தினார்கள். அந்தப் 'பொதுவா எல்லாருக்கும்' வரியும் போனது. வில்மோட்டுக்குக் கவலையில்லை. டிகொரியை நெஞ்சோடு வைத்திருந்தாளே. தினம் விடிந்ததும் கதவைத் திறப்பதற்கு முன்னால் அந்தத் தோல் துண்டை எடுத்து முத்தமிடுவாள். "என் ராசா, பசிக்குதா? இன்னும் கொஞ்ச நாள்டா" என்று அதோடு பேசுவாள். தடவித் தடவி எழுத்தின் ஓரம் மங்கிப்போனது. கோயிலில் வாசிக்காவிட்டால் என்ன, நான் ஒருத்தி வாசிக்கிறேன் என்று இருந்தாள். நாலு வருஷம், ஒரு நாள் விடவில்லை.

அப்புறம் பையன் ராஜா செத்து, அவன் அக்கா ராணியானாள். பழைய பூசை திரும்பியது. இலத்தீன் திரும்பியது, மணி திரும்பியது. பரணிலிருந்தும் வைக்கோல் போரிலிருந்தும் கிண்ணங்களும் அங்கிகளும் இறங்கி வந்தன. புதுச் சுருள் எழுதப் போகிறோம், வீட்டுக்கு ஒருத்தர் வந்து உங்கள் இறந்தவர்களைச் சொல்லுங்கள் என்று ஆஸ்மண்ட் சாமி அறிவித்தார்.

அன்று காலை கோயில் முகப்பில் பால்ட்வின் பக்கத்தில் நிற்க, சாமியார் உட்கார்ந்து எழுதினார். அப்பன் பெயர் வந்தது, பாட்டன் பெயர் வந்தது. அதற்கு மேல் எவனுக்கும் தெரியவில்லை. "நாலாம் தலைமுறையில ஒரு ஜான் இருந்தாரு, இல்லன்னா ஜானோட தம்பி" என்று தலையைச் சொறிந்தார்கள். பால்ட்வினுக்கே இரண்டு தலைமுறைக்கு மேல் தெரியவில்லை. "அந்தப் படுபாவிச் சிப்பாய்ங்க கை அழுகட்டும்" என்று திட்டினான்.

வில்மோட் வந்தாள். நல்ல துணி உடுத்தியிருந்தாள், முகத்தில் கல்யாண வீட்டுக் களை. ரவிக்கைக்குள்ளிருந்து தோல் துண்டை எடுத்து நீட்டினாள்.

"சாமி, என் பையனைப் புதுசா எழுத வேண்டாம். உங்க கையால எழுதின பழைய வரியே இருக்கு. அதையே புதுச் சுருள்ல தைச்சிடுங்க."

சாமியார் வாங்கி, கண்ணுக்குக் கிட்டக் கொண்டுபோய், யோசிக்காமல் உரக்கவே வாசித்துவிட்டார்.

"ஜாஸ்பர் ட்ராட், ஆலைக்காரன். அவன் மனைவி இபெட்."

வரிசையில் நின்ற இபெட்தான் முதலில் வாயைத் திறந்தாள்.

"என் வீட்டுக்காரர் பேரு இவகிட்ட எப்படி?"

"தப்பா வாசிக்கிறீங்க சாமி. கடைசி வரி! கடைசி வரிதான் டிகொரின்னு நீங்கதானே காட்டினீங்க?" என்றாள் வில்மோட்.

சாமியாரின் முகம் வெளுத்தது. "அதுக்கப்புறம் இன்னும் ஒரு பேரை எழுதினேன்மா. ஜாஸ்பர் செத்தப்போ. உனக்குத் தெரிஞ்சா கோயில்ல ரகளை பண்ணுவியோன்னு இபெட் சத்தமில்லாம எழுதச் சொன்னா. எழுதினேன். வாசிக்கிறதுக்குள்ள உத்தரவு வந்துடுச்சு."

பால்ட்வின் துண்டைப் பிடுங்கிப் பார்த்தான். அவனுக்கும் படிக்கத் தெரியாது, ஆனால் கத்தி போட்ட விளிம்பு எந்த மடையனுக்கும் தெரியும்.

"இது சிப்பாய் அறுத்ததா? நேரா, நூல் பிடிச்சாப்ல? அடியே, நீயா அறுத்தே? மீதி எங்கடி?"

அவள் பொய் சொல்லியிருக்கலாம். நானாக இருந்தால் சொல்லியிருப்பேன். அவளுக்கு அந்த நேரத்தில் புத்தி அங்கே இல்லை. டிகொரி எந்த இடத்தில் எரிந்தான், அடுப்பின் எந்த மூலையில் என்பதில் இருந்தது.

"எரிச்சேன். நான்தான் எரிச்சேன். என் பிள்ளையையும் சேர்த்து எரிச்சுட்டேன்" என்றாள்.

ஊர் கொதித்தது. நியாயமாகவும்தான் இருந்தது, என்ன சொல்ல? அவரவர் முன்னோர், நெருப்பில் கிடந்து பெயருக்காகக் காத்திருக்கிறவர்கள், பெயரே இல்லாமல் போய்விட்டார்கள். "ஊர்ப் பேரையெல்லாம் எரிச்சவ பையன் பேரு இந்த ஊர் வாயில வரக் கூடாது" என்று பால்ட்வின் சொன்னான். ஒருத்தர் மறுத்துப் பேசவில்லை. ஆஸ்மண்ட் சாமி, "அடுத்த வருஷம் பார்க்கலாம்மா, கோபம் ஆறட்டும்" என்று இறகைக் கீழே வைத்தார். ஜாஸ்பரின் துண்டைப் புதுச் சுருளில் தைத்தார்கள். ஒரே ஒரு பழைய வரி அதுதான் என்று பெருமை வேறு.

அதற்கப்புறம் வருஷா வருஷம் அவள் முழங்காலில் நின்று ஜாஸ்பர் பெயரைக் கேட்டாள். அவள் முத்தமிட்டு முத்தமிட்டு மங்கவைத்த எழுத்தை வாசிக்கச் சாமியார் ஒவ்வொரு தடவையும் கண்ணைச் சுருக்குவார்.

அந்த நாட்களில் ஒரு நாள் இபெட் ஒரு மாவு மூட்டையோடு மேட்டுத் தெருவுக்கு வந்தாள். பதினாறு வருஷத்துக்குப் பிறகு முதல் தடவை.

"என் வீட்டுக்காரருக்காக நாலு வருஷம் தினமும் ஜெபிச்சியாமே?"

"தெரியாமத்தான்டி. தெரிஞ்சிருந்தா துப்பி அடுப்பில போட்டிருப்பேன்."

"தெரியும். ஆனா அவருக்குப் போய்ச் சேர்ந்திருக்கும்ல?"

"போயிருக்கும். என் பிள்ளைக்குப் போட்ட சோத்தை உன் புருஷன் தின்னிருக்கான். நல்லாத் தின்னட்டும்." முக்காலியை நகர்த்திப் போட்டு, "உக்காரு, நின்னுக்கிட்டே இருக்காதே" என்றாள்.

இபெட் உட்கார்ந்தாள். "மதகைத் திறந்தது அவர்தான் அக்கா. உன் பையன் கத்தினது அவருக்குக் கேட்டுச்சு. ஏதோ பசங்க விளையாடுறாங்கன்னு நினைச்சுட்டார். சாகுறப்போ சொன்னார்."

வில்மோட் மாவு மூட்டையைத் திருப்பிக் கொடுக்கவில்லை. இரண்டு பேரும் கஞ்சி குடித்தார்கள்.

நாலாவது வருஷம் பால்ட்வினின் மனசு இளகியது. அவனும் ஒரு பேரனைப் பறிகொடுத்திருந்தான். "வர்ற வருஷம் உன் பையனை எழுதிக்கலாம், போ" என்றான். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை என்பது அவளுக்கென்றே சொன்ன பழமொழி. அந்தக் கல்லறைத் திருநாள் கழிந்து பதினைந்து நாள்கூட ஆகவில்லை, ராணி செத்தாள். தங்கை ராணியானாள். அடுத்த கோடையில் அதே புத்தகம், அதே நம் பாஷை, சுருள் மறுபடி கிடையாது. இந்தத் தடவை யாரும் கவைக்கோல் எடுக்கவில்லை. அலுத்துப் போயிருந்தார்கள். பிள்ளைகள் புத்தகத்து வார்த்தைகளை மனப்பாடமாகச் சொல்ல ஆரம்பித்தார்கள்.

வில்மோட்டுக்கு அறுபது தாண்டிவிட்டது. அப்போதுதான் ஒரு ஞாயிற்றுக்கிழமை ரொட்டி சுடுகிறவனை அவதூறாகப் பேசியதற்காக ஒருத்தனைத் தண்டனையாகக் கோயிலில் ஊர் முன்னால் துப்பட்டி போர்த்தி நிறுத்தினார்கள். வெள்ளைத் துப்பட்டி, கையில் வெள்ளைக் கம்பு, காலில் செருப்பில்லை. குற்றத்தைத் தாளிலிருந்து சாமியார் வாசித்தார். யார், யாரை, என்ன பேர் சொல்லித் திட்டினான், எல்லாம் விலாவாரியாக. வில்மோட் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

போகும் வழியில் இபெட்டின் கையைப் பிடித்தாள். "கேட்டியா? தாள்ல எழுதினா வாசிச்சுத்தான் ஆகணும். ஊரே கேட்டுத்தான் ஆகணும்."

"என்ன அக்கா சொல்றே? பைத்தியமா உனக்கு?"

"ஆமா. விடு."

அடுத்த ஞாயிறு, புத்தகத்தில் சபைக்காக ஜெபிக்கிற இடம் வந்தது. 'இந்தப் பூமியில் போராடுகிற' சபைக்காக என்று திட்டமாக எழுதியிருப்பார்கள். பூமியில் இல்லாதவர்கள் உள்ளே நுழைந்துவிடக் கூடாது என்று போட்ட வேலி அது. சாமியார் அதைச் சொல்லி மூச்சு வாங்கியபோது பின் வரிசையிலிருந்து, "டிகொரி கட்மோர்! அவன் அம்மா வில்மோட்!" என்று சத்தம் வந்தது. எல்லாரும் திரும்பினார்கள். பால்ட்வின் வாயில் விரல் வைத்துக் காட்டினான். அடுத்த வாரமும் சொன்னாள். மூன்றாவது வாரம் எக்ஸிடரிலிருந்து வந்த ஒரு அதிகாரி முன் பெஞ்சில் இருந்தார். அன்றைக்கு இன்னும் உரக்கச் சொன்னாள்.

திருச்சபை நீதிமன்றத்திலிருந்து அழைப்பாணை வந்தது. போனாள், ஒன்றையும் மறுக்கவில்லை. என்ன பெயர் சொன்னாய் என்று எழுத்தர் கேட்டபோது இரண்டு தடவை நிறுத்தி நிதானமாகச் சொன்னாள். அவர் எழுதிக்கொள்வதையும் பார்த்தாள். துப்பட்டி போர்த்திக் கோயிலில் நிற்கவேண்டும் என்று தீர்ப்பானது. கோயில் துப்பட்டியை வெளுக்கிறவளும் அவள்தானே? முந்தின நாள் அதைச் சாம்பல் நீரில் ஊறவைத்து, அலசி, வேலியில் காயப்போட்டு, மடித்துத் தானே கொண்டுபோய் வைத்தாள். "கல்யாணச் சேலை மாதிரி இருக்குல்ல?" என்று இபெட்டைக் கேட்டாளாம்.

ஞாயிறன்று கோயில் நிரம்பி வழிந்தது. கல் தரையில் வெறுங்காலோடு நின்றாள். ஆஸ்மண்ட் சாமி தாளைப் பிரித்தார். அவள் தலையைக் குனியவில்லை. அந்தச் சுருள் ஞாயிறுகளில் காத்திருந்த மாதிரி, வாய் லேசாகத் திறந்தபடி, அவர் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வில்மோட் கட்மோர் என்னும் விதவை, ஆராதனை நேரத்தில், இறந்தவர்களுக்காக மூடத்தனமாக ஜெபித்த குற்றம்."

தாளை மடித்தார்.

அவள் காத்திருந்தாள். அவர் புத்தகத்தைத் திறந்து, தனக்குப் பின்னால் சொல்லும்படி மன்னிப்பு வாசகத்தைத் தொடங்கினார். அவள் வாய் அசையவில்லை.

"பேரு எங்க சாமி?"

"சொல்லும்மா, என் பின்னாடி சொல்லு..."

"பேரு எங்க? எழுதினதைப் பார்த்தேனே."

கிழவர் குனிந்து அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னார். "பேரைக் கோடு போட்டு அடிச்சுட்டாங்கம்மா. செத்தவன் பேரைக் கோயில்ல வாசிச்சா அதுவே ஜெபமாயிடும்னு."

வில்மோட் தொண்டையைச் செருமினாள். இப்போது கத்தப் போகிறாள் என்று நாங்கள் எல்லாரும் பயந்தோம். இபெட் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். கத்தவில்லை. அவர் சொன்னதையெல்லாம் ஒவ்வொரு வார்த்தையாகத் திருப்பிச் சொன்னாள். நம் பாஷைதானே, ஒவ்வொன்றும் புரிந்தது. முடிந்ததும் துப்பட்டியைக் கழற்றி மடித்து வைத்தாள். அழுக்கில்லை, வெளுக்க வேண்டியதில்லை என்றாள்.

அதற்குப் பிறகு கோயிலில் அவள் வாயிலிருந்து ஒரு சத்தமும் வந்ததில்லை. அடுத்த பிப்ரவரியில் குளிர் காய்ச்சலில் போனாள். கடைசி மூன்று நாள் இபெட்தான் பக்கத்தில் இருந்தாள். எண்ணெய் இல்லை, திரி இல்லை. அதெல்லாம் போய் வெகு நாளாயிற்று.

புதைக்கிறபோது மழை தூறியது. நாங்கள் ஒன்பது பேர் நின்றோம். ஆஸ்மண்ட் சாமி புத்தகத்தை மழை படாமல் அங்கிக்குள் மறைத்து மறைத்து வாசித்தார். பிரிந்துபோன நம் அன்புச் சகோதரி, மண்ணுக்கு மண், சாம்பலுக்குச் சாம்பல் என்று நல்ல வார்த்தைகள்தான் எல்லாம். ஆனால் செத்தவர் பெயரைச் சொல்ல அந்தப் புத்தகத்தில் இடமே கிடையாது. யாரைப் புதைத்தாலும் அதே வாசகம். ஐந்து நிமிஷத்தில் முடித்துவிட்டு மூக்கைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனார்.

தரிசு மலைமேட்டிலிருந்து கரி மூட்டையோடு இறங்கி வந்த ஒருத்தன் சுவர் ஓரம் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றிருந்தான். வெளியூர்க்காரன்.

"யாருங்க போனது?" என்று கேட்டான்.

பால்ட்வின் பதில் சொல்ல வாயெடுத்தான். அதற்குள் இபெட், முக்காட்டைத் தலையிலிருந்து தள்ளிவிட்டு, கோயிலுக்குள் கேட்கிற மாதிரி உரக்கச் சொன்னாள்.

"டிகொரியோட அம்மா."